படகுத்துறைக் காட்சிக்கு வாசித்த இரண்டு நாட்கள்

எண்பத்தெட்டில் மாணவர் போராட்டம் வெடித்துக் கல்லூரிகளை மூடியபோது நான் தாவரவியல் இரண்டாம் ஆண்டு படித்துக்கொண்டிருந்தேன். எப்போது திறப்பார்கள் என்று யாருக்கும் தெரியவில்லை. ரங்கூனில், பசுந்தாங் பகுதியில் எங்கள் வீடு நாலாவது மாடியில் இருந்தது. ஜன்னலைத் திறந்தால் கீழே பட்டறைகளின் சத்தம், மூடினால் புழுக்கம். சும்மா உட்கார்ந்திருக்க முடியாமல் பரண்மேல் கிடந்த வயலினை இறக்கித் துடைத்தேன். சின்ன வயதில் கோயில் பஜனைக் கோஷ்டியோடு உட்கார்ந்து பழகியது. தரையில் சம்மணம் போட்டு, வயலினின் தலையைக் கணுக்கால்மேல் ஊன்றிக்கொண்டு வாசிப்பேன். வேறு விதமாகவும் பிடிக்கலாம் என்பதைப் படங்களில்தான் பார்த்திருந்தேன்.

அப்பா ரங்கூன் துறைமுகத்தில் சரக்குக் கணக்குப் பார்க்கும் குமாஸ்தா. நான் வாசிப்பதை அவர் பாராட்டியதும் இல்லை, நிறுத்தச் சொன்னதும் இல்லை. வேலை முடிந்து வந்து, சட்டையைக் கழற்றி மாட்டிவிட்டு, நான் வாசிக்கும் பக்கமாக முதுகைக் காட்டி உட்கார்ந்து பேப்பர் படிப்பார். வாசிப்பு நின்றால் பேப்பரை மடித்துவிடுவார். அதனால் அவர் கேட்டுக்கொண்டுதான் இருந்தார் என்று எனக்குத் தெரியும்.

எங்களுக்குக் கீழே இருந்த பர்மாக்காரர் ஒரு பாட்டு ரெக்கார்டிங் கூடத்தில் சவுண்டு வேலை பார்த்தார். மாடிப்படியில் என் வாசிப்பைக் கேட்டுவிட்டு, ஒருநாள் வீட்டுக்கு வந்து அப்பாவிடம் அனுமதி கேட்டார். கேசட் பாட்டுகளுக்கும் வீடியோ படங்களுக்கும் அங்கே இசை சேர்த்தார்கள். எனக்கு நாற்காலியில் உட்கார்ந்து வாசிக்கத் தெரியாது என்றேன். மைக்கை இறக்கிவிட்டால் போகிறது என்றார். அப்படித்தான் செய்தார். அந்தக் கூடத்தில் ஒரு பாயை விரித்து, மைக்கைத் தரையோடு தரையாக வைத்து என்னை வாசிக்க வைத்தார்கள்.

படம் எடுப்பவர்களுக்கு எப்போதும் கூட்டமாக வயலின்கள் ஒலிக்க வேண்டும். ஆனால் இருந்தது நான் ஒருத்தி. ஒருமுறை வாசித்ததைக் காதில் ஓடவிட்டு, அதன்மேல் இன்னொரு முறை வாசிப்பேன். பிறகு அதன்மேல் இன்னொன்று. கடைசியில் சேர்த்துக் கேட்டால் ஒரு கூட்டம் வாசிப்பது போலத்தான் இருக்கும். அந்தக் கூட்டத்தில் எல்லோரும் நானே என்பது முதலில் வேடிக்கையாக இருந்தது. போகப்போக, வேலை முடிந்து பஸ்ஸில் திரும்பும்போது மனசு வெறிச்சென்று இருக்கும்.

கல்லூரி திறந்தது, படித்து முடித்தேன், ரங்கூனிலேயே தாமுவே பகுதியில் பிள்ளைகளுக்கு டியூஷன் எடுத்தேன். கல்யாணம் ஆகவில்லை, அது வேறு கதை. இதற்குள் ரெக்கார்டிங் கூடங்களுக்குப் புதுக் கீபோர்டுகள் வந்துவிட்டன. ஒரு கட்டையை அழுத்தினால் வயலின் கூட்டமே ஒலிக்கும். என்னைக் கூப்பிடுவது குறைந்து, பிறகு நின்றே போனது. யார்மேலும் எனக்குக் கோபமில்லை. அவர்களுக்கும் வேலை சீக்கிரம் முடிய வேண்டும்.

இரண்டாயிரம் ஆண்டைத் தாண்டியபின் அதே கீழ்வீட்டுக்காரர்தான் செய்தி கொண்டுவந்தார். நாட்டுக்கென்று ஒரு சிம்பொனி இசைக்குழு அமைக்கிறார்களாம், வில் பிடிக்கத் தெரிந்தவர்களை எல்லாம் தேடுகிறார்களாம், போய்ப் பாருங்கள் என்றார். எனக்கு வயது முப்பதைத் தாண்டியிருந்தது. போகலாமா என்று அப்பாவைக் கேட்டேன். அவர் அப்போது ஓய்வு பெற்றிருந்தார். "கூப்பிடற இடத்துக்குப் போறதுல என்ன யோசனை?" என்றார்.

தேர்வு நடந்த கூடத்தில் எனக்கு ஒரு நாற்காலி போட்டிருந்தார்கள். நான் தரையில் உட்காரலாமா என்று கேட்டேன். இசைக்குழுவை நடத்தப்போகிறவர் பர்மாக்காரர், அமைதியான மனிதர். எல்லோரும் அவரை சயா என்றே அழைத்தார்கள். ஆசிரியரையும் மதிப்புக்குரியவரையும் பர்மியத்தில் அழைக்கும் சொல் அது. உங்களுக்கு வசதியானபடி உட்காருங்கள் என்றார். வாசித்தேன். முடித்ததும் கொஞ்ச நேரம் என் கையையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு, கை நன்றாக இருக்கிறது, ஆனால் இத்தனை பேர் நடுவில் தரையில் உட்கார்ந்தால் யாராவது வில்லால் உங்கள் தலையில் இடித்துவிடுவார்களே என்று சொல்லிச் சிரித்தார். என்னை எடுத்துக்கொண்டார்கள்.

எங்கிருந்தெல்லாம் ஆட்கள் வந்திருந்தார்கள் என்று நினைத்தால் இப்போதும் ஆச்சரியமாக இருக்கிறது. போலீஸ் பேண்டில் ஊதியவர்கள், சர்ச்சில் வாசித்தவர்கள், ஓட்டலில் பியானோ வாசித்தவர், பர்மியப் பாரம்பரிய மேளக் குழுவிலிருந்து வந்த ஒருவர். அவர் வட்டமாக அடுக்கிய மேளங்களுக்கு நடுவே உட்கார்ந்தே பழகியவர் என்பதால், எதிரில் மட்டும் மேளம் இருக்கும் புது ஏற்பாட்டில் முதுகு குளிர்கிறது என்பார். முதல் சில மாதங்கள் எங்கள் வாசிப்பு கேட்கும்படியாக இருந்ததென்று சொல்ல மாட்டேன். ஒருவர் இழுக்க ஒருவர் ஓட, சயா தாளம் காட்டும் குச்சியைக் கீழே வைத்துவிட்டு, டீ குடித்துவிட்டு வாருங்கள் என்பார். வெளிநாட்டிலிருந்து சில ஆசிரியர்கள் வந்து சில வாரங்கள் தங்கிச் சொல்லிக்கொடுத்துவிட்டுப் போனார்கள். மெல்ல மெல்ல ஒன்றாக வாசிக்கத் தொடங்கினோம். பிறகு டெலிவிஷனில் வந்தோம்.

எனக்கு எல்லோரையும்விடக் கஷ்டம் அதிகம். வயலினைத் தாடைக்குக் கீழே பிடிக்க வேண்டும். தந்திகளின் சுருதியே வேறு. எல்லாவற்றுக்கும் மேலாக, ஐந்து கோடுகளில் புள்ளிபுள்ளியாக எழுதியிருக்கும் நோட்டை என்னால் வேகமாகப் படிக்க முடியவில்லை. ஒரு ஸ்டாண்டுக்கு இரண்டு பேர், இருவருக்கும் ஒரே தாள். என் பக்கத்தில் உட்கார்ந்தவள் நகரத்தின் வடக்கே இன்செயினிலிருந்து வந்த கரேன் இனப் பெண், என்னைவிடப் பத்து வயது இளையவள். சர்ச்சில் பாடி வளர்ந்ததால் புள்ளிகளைப் பேப்பர் படிப்பதுபோலப் படிப்பாள். நான் வீட்டில் உட்கார்ந்து, ஒவ்வொரு புள்ளியையும் எண்ணிப் பார்த்து, அதன் கீழே பென்சிலால் ஸ ரி க ம என்று தமிழில் எழுதிக்கொண்டு வருவேன். பொதுத் தாளைக் கிறுக்கிவிட்டேனே என்று எனக்குக் கூச்சமாக இருந்தது. அழித்துவிடட்டுமா என்று கேட்டேன்.

"எதுக்கு அக்கா? மேலே இருப்பதை நான் படிக்கிறேன், கீழே இருப்பதை நீங்கள் படியுங்கள். ஒரே பாட்டுத்தானே" என்றாள்.

கழுத்தில் மரம் உரசிப் புண்ணானபோது தன் கைக்குட்டையை நாலாக மடித்து வைத்துக் கொடுத்ததும் அவள்தான். மதியச் சாப்பாட்டு நேரத்தில் இருவரும் உட்கார்ந்து அன்றைய தாளைப் பாடிப் பார்ப்போம். ஒரு வருடத்தில் நான் தமிழ் எழுத்து இல்லாமலே படிக்கத் தொடங்கினேன். அதற்குள் அவள் என் எழுத்துகளில் ஸ, ப இரண்டையும் அடையாளம் கண்டுகொள்ளப் பழகியிருந்தாள்.

டெலிவிஷனில் எங்களைப் பார்த்துத்தான் ஒரு சினிமா இயக்குநர் சயாவைத் தேடி வந்தார். சம்பான் படகு ஓட்டும் குடும்பம் ஒன்றைப் பற்றிப் படம் எடுத்து முடித்திருந்தார். பின்னணி இசையை இசைக்குழுவே வாசிக்க வேண்டும் என்பது அவர் ஆசை. கீபோர்டிலேயே முடித்துவிடலாமே, செலவும் குறைவு என்று சயாவே அவரிடம் சொன்னாராம். அதற்கு அவர், கட்டையை அழுத்தினால் வரும் வயலினுக்குள் ஆள் இல்லை என்று பதில் சொன்னாராம். இதை சயாவே எங்களிடம் சொன்னார். என்னை வீட்டுக்கு அனுப்பிய அதே பெட்டியைப் பற்றி ஒருவர் இப்படிப் பேசுகிறாரே என்று இருந்தது.

அந்த மழைக்காலத்தின் தொடக்கத்தில்தான் அப்பா இறந்துபோனார். காலையில் எழுந்து, முகம் கழுவிவிட்டு, நெஞ்சு அடைக்கிறது என்று சொல்லி உட்கார்ந்தவர் எழவில்லை. அவருக்கு ஒரு நல்ல போட்டோ கூட இல்லை. அம்மாவும் அவரும் கல்யாணத்தில் நின்ற பழைய படம் ஒன்று, அடையாள அட்டையில் விறைப்பாக முறைத்துக்கொண்டிருக்கும் முகம் ஒன்று. அட்டைப் படத்தைத்தான் பெரிதாக்கி மாலை போட்டோம். அம்மா அதன் எதிரில் நின்று, இது அவர் முகமே இல்லை என்று பலமுறை சொல்லியிருக்கிறார். நாங்கள் இருவரும் மட்டும் அந்த வீட்டில் இருந்தோம். நான் ஒத்திகைக்குக் கிளம்பிப் போனால் அம்மாவுக்குப் பேச்சுத்துணைக்கு ஆளில்லை. மெல்லப் பேச்சைக் குறைத்துக்கொண்டே வந்தார்.

மழை விட்டதும் படத்துக்கான ரெக்கார்டிங் தொடங்கியது. எங்கள் கூடம் சினிமாவுக்காகக் கட்டியதில்லை. சுவரில் ஒரு வெள்ளைத் துணியைக் கட்டி, அதில் படத்தை ஓட்டினார்கள். சயா பார்ப்பதற்காகத்தான் அது. ஆனால் துணி, பெரிய வயலின் போன்ற செல்லோவை வாசிப்பவர்களுக்குப் பின்னால் இருந்ததால், எதிர்ப்பக்கம் உட்கார்ந்த வயலின்காரர்களுக்கும் நேராகத் தெரிந்தது. படத்தைப் பார்க்காதீர்கள், என் குச்சியைப் பாருங்கள் என்று சயா முதலிலேயே சொல்லிவிட்டார். மின்விசிறி சத்தம் மைக்கில் விழும் என்று எல்லாவற்றையும் நிறுத்திவிட்டார்கள். மின்சாரம் போனால் ஜெனரேட்டர் ஓடும், அது ஓடும் சத்தத்தில் வாசிக்க முடியாது, ஆகவே மின்சாரம் வரும்வரை வெளியே நிற்க வேண்டும். சிவப்பு விளக்கு எரிந்தால் யாரும் அசையக்கூடாது. வியர்வை புருவத்தில் வழிந்தாலும் துடைக்கக்கூடாது.

மூன்றாவது ரீலில் ஒரு படகுத்துறைக் காட்சி. மகன் பிழைப்புக்காக ஊரைவிட்டுப் போகிறான், தாய் கரையில் நிற்கிறாள், படகு விலகுகிறது. அந்த இடத்தில் எங்களுக்கு ஒரே ஒரு நீண்ட ஸ்வரம். வில்லை மிக மெதுவாக, அடியிலிருந்து நுனிவரை இழுக்க வேண்டும். அப்படி இழுக்கும்போது தாளில் பார்க்க ஒன்றும் இருக்காது. கண் தானாக நிமிர்ந்தது. துணியில் தெரிந்தது பசுந்தாங் ஓடைக்கரை என்று உடனே அடையாளம் தெரிந்தது, எங்கள் வீட்டிலிருந்து நடந்து போகிற தூரம்தான். தாயாக நடிப்பவளுக்குப் பின்னால் கட்டம் போட்ட லுங்கியும் வெள்ளைச் சட்டையும் அணிந்த ஒருவர், கக்கத்தில் குடையை இடுக்கிக்கொண்டு, இடதுகாலைச் சற்றே இழுத்து நடந்து வந்தார். நின்று படகைத் திரும்பிப் பார்த்தார். பிறகு நடந்து போய்விட்டார்.

அது அப்பா.

என் வில் நின்றுவிட்டது. பக்கத்தில் இருந்தவள் எனக்கு என்ன ஆயிற்று என்று தெரியாமலே தன் வில்லைக் கொஞ்சம் அழுத்தி, என் சத்தத்தையும் சேர்த்து வாசித்தாள். சிவப்பு விளக்கு அணையும்வரை நான் அப்படியே உட்கார்ந்திருந்தேன். சயா கோபிக்கவில்லை. உடம்பு சரியில்லையா என்று மட்டும் கேட்டார். அப்போதுதான் சொன்னேன், அங்கே நடந்து போனவர் என் அப்பா, மழைக்காலத்தில் இறந்துபோனார் என்று.

ஓரத்தில் உட்கார்ந்திருந்த இயக்குநர் எழுந்து வந்து, எந்த இடம் என்று மெதுவாகக் கேட்டார். படத்தைப் பின்னால் ஓட்டச் சொன்னார். இந்த முறை இசை இல்லாமல் எல்லோரும் திரும்பி உட்கார்ந்து பார்த்தோம். அப்பா மறுபடி வந்தார், மறுபடி திரும்பிப் பார்த்தார். அது போன வருடம் எடுத்தது என்று இயக்குநர் சொன்னார். கூலிக்கு ஆட்களை நிறுத்தாமல், அந்தக் காலையில் கரையில் வருகிற போகிற சனங்களை அப்படியே எடுத்தார்களாம்.

"நாலைந்து தடவை எடுத்தோம். அவர் திரும்பிப் பார்த்தாரே, அதனால்தான் இதை வைத்துக்கொண்டேன்" என்றார்.

அப்பா தினமும் காலையில் ஓடைக்கரைக்குப் போய் டீ குடித்துவிட்டு வருவார். துறைமுக வேலைக்காரருக்குப் படகைப் பார்க்காமல் பொழுது விடியாது என்று அம்மா கேலி செய்வார். அங்கே படம் எடுத்ததை வீட்டில் அவர் சொன்னதே இல்லை. தான் அதில் விழுந்தது அவருக்கே தெரிந்திருக்காது.

அன்றைக்கு அந்தக் காட்சியை மேலும் சில முறை வாசித்தோம். ஒருமுறை குழல் தடுமாறியது, ஒருமுறை தெருவில் லாரி ஹாரன் அடித்தது. ஒவ்வொரு முறையும் அப்பா நடந்து வந்தார். நான் குச்சியையே பார்த்து வாசித்தேன், ஆனால் ஓரக்கண்ணில் அந்த வெள்ளைச் சட்டை தெரிந்துகொண்டே இருந்தது. எதுவும் சரியாக வராமல் போகட்டும் என்று உள்ளுக்குள் ஆசைப்பட்டேன். கடைசியில் மின்சாரம் போய்விட்டதால், மிச்சத்தை மறுநாள் பார்த்துக்கொள்ளலாம் என்று கலைந்தோம்.

வயலினைப் பெட்டியில் வைத்துக்கொண்டிருந்தபோது, என் பக்கத்தில் வாசிக்கும் தோழி இயக்குநரிடம் போய் எதையோ பேசிக்கொண்டிருந்தாள். திரும்பி வந்து, நாளைக்கு உங்கள் அம்மாவை அழைத்து வாருங்கள் என்றாள். எனக்குப் பயமாக இருந்தது. வெளியாட்கள் உள்ளே வருவதில்லை, அதுவும் அம்மா அழுதுவிட்டால் ரெக்கார்டிங் கெட்டுப்போகும். நான் தயங்குவதைப் பார்த்து இயக்குநரே வந்தார். படம் தியேட்டருக்கு வர எவ்வளவு காலம் ஆகுமோ தெரியாது, வரிசையில் நிறையப் படங்கள் காத்திருக்கின்றன, கடைசியாக வெட்டிச் சுருக்கும்போது இந்தத் துண்டு எவ்வளவு மிஞ்சும் என்று என்னாலும் சொல்ல முடியாது, முழுசாக இருக்கும்போதே உங்கள் அம்மா பார்க்கட்டும் என்றார். சயாவும் தலையாட்டினார்.

வீட்டுக்குப் போய் அம்மாவிடம் சொன்னேன். அவர் நம்பவில்லை. வேறு யாராவது கிழவராக இருக்கும் என்றார். இருந்தாலும் விடிவதற்குள் எழுந்து அடுப்பு மூட்டியிருந்தார். கும்பலாக இருக்கிற இடத்துக்கு வெறுங்கையோடு எப்படிப் போவது என்று சொல்லி, பெரிய தூக்கு நிறைய மசால் வடை சுட்டு எடுத்துக்கொண்டார். விசேஷத்துக்கு மட்டும் கட்டும் பட்டுப்புடவையைக் கட்டிக்கொண்டார். பஸ்ஸில் தூக்கை மடியில் வைத்துக்கொண்டு கூடம்வரை ஒரு வார்த்தை பேசவில்லை.

செல்லோக்களுக்கு ஓரமாக, துணி நன்றாகத் தெரியும்படி பக்கவாட்டில் திருப்பி அவருக்கு ஒரு நாற்காலி போட்டிருந்தார்கள். இயக்குநர் அவருக்கு முன்னால் குனிந்து, பர்மாக்காரர்கள் தாயை அழைக்கும் 'அமே' என்ற சொல்லால் அழைத்து, சிவப்பு விளக்கு எரியும்போது சத்தம் வரக்கூடாது என்று கேட்டுக்கொண்டார். அம்மா சரி என்று தலையாட்டிவிட்டு, இரண்டு கையிலும் இருந்த வளையல்களைக் கழற்றி மடியில் போட்டுக்கொண்டார். யாரும் அதைச் செய்யச் சொல்லவில்லை.

விளக்கு எரிந்தது. வாசிக்கத் தொடங்கினோம். நீண்ட ஸ்வரம் வந்தபோது நான் துணியைப் பார்க்கவில்லை, குச்சியையும் பார்க்கவில்லை. அம்மாவைத்தான் பார்த்தேன். அவர் முந்தானையை வாயில் அழுத்திக்கொண்டு, கொஞ்சம் முன்னால் குனிந்து, தெருவில் வருகிற ஆளை ஜன்னலிலிருந்து எட்டிப் பார்ப்பதுபோலப் பார்த்துக்கொண்டிருந்தார். ஒரு சின்னச் சத்தம்கூட வரவில்லை. வாசிப்பு முடிந்து, விளக்கு அணைந்து, சயா சரி என்று சொன்ன பிறகுதான் முந்தானையை எடுத்தார்.

"அந்தச் செருப்பு நான் லத்தா கடைத்தெருவுல வாங்கிக் கொடுத்தது" என்றார் என்னைப் பார்த்து. "கடிக்குது கடிக்குதுன்னு சொன்னாரே. போட்டுக்கிட்டுத்தான் போயிருக்காரு."

நான் அதைப் பர்மியத்தில் சொன்னேன். பலர் சிரித்தார்கள், சிலர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். சயா தாள்களைப் புரட்டிவிட்டு, இந்த முறை நன்றாகத்தான் வந்தது, ஆனாலும் பாதுகாப்புக்கு இன்னொரு முறை எடுத்துவிடலாம் என்றார். எடுத்தோம். அதன் பிறகு, இன்னும் ஒருமுறை எடுக்கலாமே என்று மேளக்காரர் கேட்டார். அவருக்கு அந்தக் காட்சியில் வாசிக்க ஒன்றுமே கிடையாது. சயா அதற்கும் சரி என்றார். அன்று காலை எத்தனை முறை வாசித்தோம் என்று நான் எண்ணவில்லை. வெக்கையில் எல்லோர் சட்டையும் முதுகோடு ஒட்டியிருந்தது. ஒருவரும் போதும் என்று சொல்லவில்லை.

கடைசியில் அம்மாதான் போதும் என்றார். பிள்ளைகளுக்குக் கை வலிக்கும், வடை ஆறிப்போகிறது என்று சொல்லி எழுந்து தூக்கைத் திறந்தார். எல்லோருக்கும் தன் கையாலேயே கொடுத்தார். இயக்குநருக்கு மட்டும் இரண்டு. அவரிடம் தன் உடைந்த பர்மியத்தில், என் வீட்டுக்காரர் எங்கேயும் நின்று பார்க்கிற மனுஷன் இல்லை, உங்கள் படகை நின்று பார்த்திருக்கிறார் என்றார்.

அன்று திரும்பும்போது பஸ்ஸில் அம்மா நிறையப் பேசினார். அப்பா நடந்த விதம், குடை வைத்த விதம், சட்டைக்கு அன்றைக்கு இஸ்திரி போடாதது. பல மாதங்களுக்குப் பிறகு அவர் அவ்வளவு பேசிக் கேட்டேன். அடுத்த வாரம் மாலையோடு இருந்த படத்தைத் துடைக்கும்போது அது அவர் முகமில்லை என்று சொல்லவில்லை. இது ஆபீஸுக்கு எடுத்த முகம் என்றார்.

படம் தியேட்டருக்கு வர ஒரு வருடத்துக்கு மேல் ஆயிற்று. அம்மாவும் நானும் தோழியும் சேர்ந்து போனோம். இயக்குநர் பயந்ததுபோலவே காட்சியைச் சுருக்கியிருந்தார்கள். அப்பா நடந்து வருவது இல்லை, திரும்பிப் பார்ப்பது மட்டும் இருந்தது. கண் சிமிட்டுவதற்குள் போய்விட்டார். அம்மா வருத்தப்படுவார் என்று நினைத்து அவர் கையைப் பிடித்தேன். முன்னாலேயே நிறையப் பார்த்தாயிற்று, இது மற்றவர்களுக்கு என்று என் காதில் சொல்லிவிட்டு, மிச்சப் படத்தைக் கதைக்காகப் பார்க்கத் தொடங்கினார். மகன் திரும்பி வருவானா மாட்டானா என்பது அவருக்குப் பெரிய கவலையாகிவிட்டது.

அதன் பிறகும் சில படங்களுக்கு வாசித்தோம். ஒவ்வொரு ரெக்கார்டிங்குக்கும் அம்மா ஏதாவது செய்து அனுப்புவார். இன்றைக்கு என்ன தூக்கு என்று கேட்டுக்கொண்டுதான் ஊதுகிறவர்கள் உள்ளேயே வருவார்கள். சில வருடங்கள் கழித்துத் தோள்வலி அதிகமாகி நான் விலகினேன். அதற்கு முன்பே என் தோழி குடும்பத்தோடு வெளிநாடு போய்விட்டாள்.

இவர்களுக்கெல்லாம் நான் வாய்விட்டு நன்றி சொன்னதாக ஞாபகம் இல்லை. ஒன்றாக உட்கார்ந்து வேலை செய்கிறவர்களிடம் அப்படிச் சொல்லும் பழக்கம் எனக்கு இருக்கவில்லை. குச்சியை இன்னொரு முறை தூக்கிய சயாவுக்கும், வாசிக்க ஒன்றுமில்லாமல் இன்னொரு முறை கேட்ட மேளக்காரருக்கும், என் சத்தத்தையும் சேர்த்து வாசித்தவளுக்கும் இப்போது எழுதிச் சொல்கிறேன். தோழி எப்போதாவது போன் செய்வாள். லைன் இரைச்சலாக இருக்கும், பாதிதான் கேட்கும். எடுத்ததும் என்னை நலம் விசாரிக்க மாட்டாள். அம்மாவிடம் கொடுங்கள் அக்கா என்பாள். அம்மா போனை வாங்கிக்கொண்டு, அந்த ஊரில் கடலைப்பருப்பு கிடைக்கிறதா என்று தொடங்குவார்.